பத்து சதவீதம் ஹாரன்

அறிவுப் பண்டங்களுக்கான தடையற்ற வர்த்தக ஒப்பந்தம் நடைமுறைக்கு வந்த அன்று திருச்செங்கோட்டில் இரண்டு கூட்டங்கள் நடந்தன. காலையில் ஒரு கல்யாண மண்டபத்தில் அரசாங்கத்தின் விளக்கக் கூட்டம். மாலையில் அதே மண்டபத்தில், அதே நாற்காலிகளில், ஓட்டுநர் பயிற்சிப் பள்ளிகள் கூட்டமைப்பின் கண்டனக் கூட்டம். மேடைக்குப் பின்னால் தொங்கிய துணியை மட்டும் மாற்றியிருந்தார்கள்.

பூபதி டிரைவிங் ஸ்கூலின் உரிமையாளர் கோகிலவாணி இரண்டுக்கும் போனாள். காலையில் போனது, தவறாமல் வரவேண்டும் என்று கடிதம் வந்ததால். மாலையில் போனது, வராதவர்கள் பெயரைக் குறித்துக்கொள்வோம் என்று போன் வந்ததால்.

காலையில் டெல்லியிலிருந்து வந்திருந்த உயர் அதிகாரி பேசினார். "நாட்டின் கதவுகளைத் திறந்துவிட்டோம்" என்று சொல்லி இரண்டு கைகளையும் அகல விரித்தார். நான்கு விநாடி மௌனம். ஒரு மிடறு தண்ணீர். பிறகு குரலைத் தாழ்த்தி, "காற்று வரட்டும்" என்றார். கைதட்டல்.

மாலையில் கூட்டமைப்பின் தலைவர் அருணகிரி பேசினார். "நாட்டின் கதவுகளைத் திறந்துவிட்டார்கள்" என்று சொல்லி இரண்டு கைகளையும் அகல விரித்தார். நான்கு விநாடி மௌனம். ஒரு மிடறு தண்ணீர். பிறகு குரலைத் தாழ்த்தி, "கொள்ளைக்காரன் வரட்டும் என்று" என்றார். அதைவிடப் பெரிய கைதட்டல்.

கோகிலவாணிக்குப் பக்கத்தில் அவள் பள்ளியின் மூத்த பயிற்றுநர் சின்னராசு உட்கார்ந்து வேர்க்கடலை உரித்துக்கொண்டிருந்தார். அறுபதை நெருங்குகிற மனிதர். அவளைவிட எட்டு வயது மூத்தவர்.

"ஏனுங்க அம்மணி, காலையில பேசுனவரும் இவரும் பங்காளிங்களா?" என்று கேட்டார்.

கோகிலவாணிக்கு அப்போதுதான் உறைத்தது. போன வருஷம்வரை அருணகிரி காகிதத்தைப் பார்த்துத்தான் பேசுவார், வாக்கியத்துக்கு இரண்டு 'அதாகப்பட்டது' போட்டு. இந்தக் கை விரிப்பும் நான்கு விநாடி மௌனமும் அவருடையவை அல்ல. இரண்டு பேரும் ஒரே வில்லையை விழுங்கியிருக்கிறார்கள். மேடைப்பேச்சு வில்லை. இறக்குமதிச் சரக்கு. இறக்குமதியை எதிர்த்து அன்று பேசப்பட்டது முழுக்க இறக்குமதிப் பேச்சு.

வில்லை என்பது வேறொன்றுமில்லை. எங்கோ ஒரு தேசத்தில் ஒருவர் பல வருஷம் பழகிய பழக்கத்தை அவர் மூளையிலிருந்து படியெடுத்து, ஒரு குளிகைக்குள் அடைத்து விற்கிறார்கள். விழுங்கினால் நாலு நாள் லேசான காய்ச்சல், வாயில் இரும்பு ருசி. ஐந்தாம் நாள் காலையில் அந்தப் பழக்கம் உங்களுடையது. படிப்பு, நியாய உணர்வு, நாணயம் முதலியவற்றையும் வில்லையாக்க முயன்று பார்த்தார்களாம், ஒட்டவில்லை. கைப்பழக்கம், கால்பழக்கம், வாய்ப்பழக்கம் மூன்றும்தான் ஒட்டின.

கார் ஓட்டும் வில்லை பத்து வருஷமாகவே இருக்கிறது. ஆனால் சுங்கவரி அதன் தலையில் ஒரு மலையைத் தூக்கி வைத்திருந்தது. பெரும்பணக்காரர்கள் மட்டும் விழுங்கினார்கள், அவர்களிடமோ ஏற்கெனவே டிரைவர்கள் இருந்தார்கள். தானே ஓடும் கார்களும் ஒருமுறை வந்தன. நம் சாலையில் இரண்டு கிலோமீட்டர் ஓடி, ஓர் எருமையைப் பார்த்து நின்று, எருமை போன பிறகும் யோசித்துக்கொண்டே நின்றன. ஆகவே மனிதர்கள் மனிதர்களிடம் வண்டி ஓட்டக் கற்றுக்கொண்டிருந்தார்கள். ஒப்பந்தம் அந்த மலையை எடுத்துவிட்டது. நோர்லின் என்கிற குளிர்நாட்டுக் கம்பெனியின் வில்லை மருந்துக் கடைகளில் தலைவலி மாத்திரைக்குப் பக்கத்தில் வந்து உட்கார்ந்தது, பயிற்சிப் பள்ளிக் கட்டணத்தில் கால்வாசி விலைக்கு.

பூபதி டிரைவிங் ஸ்கூலைத் தொடங்கியவர் கோகிலவாணியின் கணவர் பூபதி. லாரி ஓட்டியவர். முதல் மாணவி மனைவிதான். அப்புறம் அவளே சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தாள். பொம்பளை சொல்லித்தருகிறாள் என்றதும் பெண்கள் வந்தார்கள். டீச்சர்கள், ஜவுளிக்கடைக்காரரின் மருமகள்கள், புருஷன் துபாயில் இருக்கிறவர்கள். எட்டுப் போடத் தெரியாமல் அழுத எத்தனையோ பேரை அவள் தேற்றியிருக்கிறாள். நான்கு பயிற்றுநர்கள், மூன்று கார்கள் என்று இருந்த காலம் உண்டு. லாரிக்காரர்கள் சாலையில்தான் சாவார்கள் என்று நினைக்கிறவர்கள் உண்டு. பூபதி ஒரு பல் டாக்டரின் வரவேற்பறையில், டோக்கன் எண்ணைக் கையில் பிடித்தபடி, உட்கார்ந்தவாக்கிலேயே போனார். ஆறு வருஷம் ஆகிறது.

அவரிடம் ஒரு சோம்பேறித்தனம் இருந்தது. இறங்கிக் கேட்டைத் திறக்க மாட்டார். சந்து முனையில் இடது பக்கம் திரும்பும்போதே ஹாரன் அடிப்பார். நீளமாக ஒன்று, குட்டையாக இரண்டு. அடுப்பில் என்ன இருந்தாலும் போட்டுவிட்டு அவள் ஓடிவந்து கேட்டைத் திறப்பாள், திட்டிக்கொண்டே. இப்போது அவளே ஓட்டிவந்து, அவளே இறங்கித் திறந்து, அவளே உள்ளே விட்டு, அவளே சாத்துகிறாள். திட்டுவதற்குத்தான் ஆள் இல்லை.

ஒப்பந்தம் வந்த ஆறு மாதத்தில் மூன்று கார்கள் ஒரு கார் ஆயிற்று. நான்கு பயிற்றுநர்களில் சின்னராசு மட்டும் மிஞ்சினார். அரசாங்கம் சும்மா இருக்கவில்லை. பாதிக்கப்பட்ட தொழில்களுக்கு மறுவாழ்வுத் திட்டம் அறிவித்தது. ஆளுக்கொரு தேனீ வளர்ப்பு வில்லை, இலவசம். மாவட்டத்தில் இருந்த பூக்களைவிடத் தேனீ வளர்ப்பவர்கள் அதிகமானார்கள். கோகிலவாணி தனக்குத் தந்த வில்லையை மேஜை இழுப்பறையில் போட்டுவைத்தாள்.

அந்தச் சமயத்தில்தான் சின்னராசு ஒருநாள் தலையைக் குனிந்துகொண்டு வந்து நின்றார்.

"என்ற புள்ள போயி முழுங்கிட்டு வந்துருச்சுங்க அம்மணி" என்றார். மகள் விஷம் குடித்துவிட்டதைச் சொல்கிற குரலில்.

மகள் சுகந்தி ஈரோட்டில் நர்ஸ். கோகிலவாணி அவளைப் பார்க்கப் போனபோது கொஞ்சம் கோபமாகத்தான் போனாள். சுகந்தி காப்பி போட்டுக் கொடுத்தாள்.

"வண்டி பழக இருவத்திரண்டு நாள் லீவு குடுங்கன்னு கேட்டா, மொத்தமாவே எடுத்துக்கன்னுருவாங்கக்கா. பஸ்ஸுல போயிட்டு வரதுலயே தெனமும் மூணு மணி நேரம் போகுது. அப்பாகிட்டக் கத்துக்கலாம்னா, அவரு கிளச்சுக்கு முன்னாடி என்ற பொறுமையத்தான் மிதிப்பாரு."

கோகிலவாணிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்த பிறகு கோபப்பட முடியவில்லை. பெண்கள் யாரையும் எதிர்பார்க்காமல் வண்டியை எடுத்துக்கொண்டு போகவேண்டும் என்றுதான் அவள் பள்ளி நடத்தினாள். போகிறார்கள். இவள் வழியாகப் போகவில்லை, அவ்வளவுதான். அதற்காக அவர்களைத் திரும்ப பஸ்ஸில் ஏறச் சொல்ல முடியுமா?

வில்லைக்காரர்கள் நன்றாகவே ஓட்டினார்கள். அதில்தான் சிக்கல். நடக்கிறவர்கள் கடக்கும் வெள்ளைக்கோட்டைப் பார்த்ததும் வண்டியை நிறுத்தினார்கள். நடக்கிறவர்கள் மிரண்டுபோய்க் கடக்காமல் நின்றார்கள். வேலூர் ரோட்டில் ஒருவர் அப்படி நிறுத்தியபோது, நெஞ்சுவலி என்று நினைத்து எதிர்க்கடைக்காரர் சோடா உடைத்துக்கொண்டு ஓடிவந்தார். காலையில் ஐந்தாறு சோடா இப்படியே போகிறது என்று அவர் பிறகு அலுத்துக்கொண்டார்.

இதெல்லாம் சிரிக்கிற விஷயம். சிரிக்க முடியாத விஷயம் ஹாரன்.

நோர்லின் படியெடுத்த அந்தக் குளிர்நாட்டு ஓட்டுநர் முப்பது வருஷத்தில் இரண்டே இரண்டு முறை ஹாரன் அடித்தவராம். இரண்டு முறையும் மன்னிப்புக் கடிதம் எழுதியிருக்கிறார். அவருடைய கை, பாவம், ஹாரன் இருக்கும் பக்கமே போகாது. அதுதான் இப்போது நம்மவர்களின் கை. நம் சாலையிலோ ஹாரன் என்பது சத்தம் இல்லை, பேச்சு. வளைவில் ஹாரன் கேட்டால் எதிரே ஆள் வருகிறது. கேட்காவிட்டால் யாரும் வரவில்லை. இந்த ஒரே நம்பிக்கையில்தான் எல்லா வளைவுகளும் ஓடிக்கொண்டிருக்கின்றன.

மலைக்கோயில் பாதையின் நான்காவது வளைவில் சுகந்தி ஹாரன் அடிக்காமல் திரும்பினாள். எதிரே இறங்கிக்கொண்டிருந்த மினி பஸ்காரர் காதைத் தீட்டிக் கேட்டிருக்கிறார். ஒன்றும் கேட்கவில்லை. ஆள் இல்லை என்று நடுச்சாலையில் வந்தார்.

காரை எலும்பு, விலா எலும்பு இரண்டு. உயிருக்கு ஒன்றுமில்லை. அந்த மாதம் மாநிலம் முழுக்க இப்படிப் பல வளைவுகள். சில இடங்களில் எலும்போடு போகவில்லை.

அருணகிரிக்கு இது பெரிய ஆயுதம் ஆயிற்று. அறிக்கை, ஊர்வலம், டெல்லி. நியாயமான கோரிக்கைதான், நியாயமில்லாத உற்சாகத்தோடு முன்வைத்தார். கடைசியில் ஒப்பந்தத்தில் ஒரு திருத்தம் வந்தது. இந்த நாட்டில் விற்கும் எந்த வில்லையிலும் பத்து சதவீதம் உள்நாட்டு அறிவு கலந்திருக்க வேண்டும். அருணகிரி திறந்த ஜீப்பில் மாலையோடு வந்தார். மாநிலத்தில் ரெண்டாயிரம் பள்ளிகள், பத்து சதவீதத்தை அந்த ரெண்டாயிரமும் பங்கிட்டுக்கொள்ளும், தொழில் பிழைத்தது என்று முழங்கினார். நான்கு விநாடி மௌனம். ஒரு மிடறு தண்ணீர்.

ஊர்வலம் போன மறு வாரம், கார்முகில் என்கிற இளைஞன் கோகிலவாணியின் அலுவலகத்துக்கு வந்தான். நோர்லினின் தென்னிந்தியப் பிரதிநிதி. சட்டையில் இஸ்திரி மடிப்பு கத்தியாக நின்றது. ஆனால் பேச்சு அப்படியில்லை. தேநீர் கொடுத்ததும் இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டான். பத்து சதவீதம் என்றால் ஹாரன்தான், வேறு எதுவும் கலக்கத் தேவையில்லை என்று எங்கள் ஆய்வகம் முடிவுசெய்துவிட்டது என்றான். தலையில் ஒரு தொப்பியை மாட்டி ஓட்டச் சொல்லி, அந்தப் பழக்கத்தைப் பதிவு செய்துகொள்வார்களாம்.

"ரெண்டாயிரம் ஸ்கூல் இருக்கு. எல்லாருக்கும் தொப்பி மாட்டி எடுக்கப்போறீங்களா?" என்றாள்.

"இல்ல மேடம். ஒருத்தர் போதும். ஒரு தடவை பதிவு பண்ணிட்டா எத்தனை கோடி வில்லை வேணாலும் அதிலிருந்தே போட்டுக்கலாம்."

"அப்ப மத்தவங்க?"

கார்முகில் தேநீரைப் பார்த்தான். "உள்நாட்டு அறிவு பத்து சதவீதம்னுதான் மேடம் சட்டம் சொல்லுது. எத்தனை பேரோட அறிவுன்னு சொல்லல."

ரெண்டாயிரம் பள்ளிகளைக் காப்பாற்ற வந்த சட்டத்துக்கு ஒரே ஒரு ஆள் போதும் என்பதை ஜீப்பில் வந்தவரோ, சட்டம் எழுதினவரோ யோசிக்கவில்லை. யோசித்தவர்கள் நோர்லினில் இருந்தார்கள்.

என்னை எதற்குத் தேடிவந்தீர்கள் என்று கேட்டாள். இருபத்துநாலு வருஷத்தில் ஒரு விபத்து வழக்கு இல்லை என்பது ஒரு காரணம் என்றான். இன்னொரு காரணத்தைச் சொல்லக் கொஞ்சம் தயங்கினான்.

"பழக்கத்தை எடுக்கும்போது அது கூடவே இருக்கற மனசும் கொஞ்சம் ஒட்டிட்டு வந்துடுது மேடம். ஏற்கெனவே ஒருத்தர் தானா முன்வந்தார், பெரிய மனுஷர். பதிவு பண்ணினோம். சோதனைக்கு வில்லை முழுங்கின பத்து பேர்ல ஏழு பேர் சிக்னல்ல இறங்கி முன்னாடி வண்டிக்காரர்கிட்டச் சண்டைக்குப் போயிட்டாங்க."

"பேசறதுக்கு நடுவுல தண்ணி குடிச்சாங்களா?"

கார்முகிலின் காது சிவந்தது.

அவள் ஒரு வாரம் அவகாசம் கேட்டாள். கொடுத்தால் பள்ளிக்கு இருக்கிற கடைசிச் சாக்கும் போய்விடும். வில்லைக்காரர்களுக்கு ஹாரன் தெரியாது, ஆகவே எங்களிடம் வந்து ஒரு வாரமாவது கற்றுக்கொள்ளுங்கள் என்று சொல்லத்தான் அவள் நோட்டீஸ் அடித்து வைத்திருந்தாள். அந்த நோட்டீஸ் கட்டு இன்னும் பிரிக்கப்படாமல் இருந்தது. பூபதியின் பெயர் தாங்கிய பலகையைத் தன் கையாலேயே இறக்குவதா? அவள் கொடுக்காவிட்டால் இன்னொருத்தர் கொடுப்பார், சண்டைக்காரராகக்கூட இருக்கலாம். கொடுக்கிறவரைக்கும் வளைவுகளில் என்ன நடக்கும் என்பதும் அவளுக்குத் தெரியும்.

எலும்பு சரியாகச் சேரவில்லை என்று மறுபடி சேர்த்திருந்த ஆஸ்பத்திரியில் சுகந்தி தோளில் கட்டோடு தூங்கிக்கொண்டிருந்தாள். சின்னராசு கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். கோகிலவாணி விஷயத்தைச் சொன்னதும் அவர் வெகுநேரம் மகளின் கையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"வண்டிய நல்லாத்தான் ஓட்டியிருக்குதுங்க. மினி பஸ்காரனே சொல்றான். கோடு தாண்டல, வேகம் இல்ல. ஒரே ஒரு ஹாரன் அடிச்சிருந்தாப் போதும். அதக்கூட நான் பெத்த புள்ளைக்குச் சொல்லித்தரல பாருங்க." பிறகு சொன்னார். "குடுத்துருங்க அம்மணி."

"குடுத்துட்டா நம்ம ஸ்கூலு என்னாகுங்ணா?"

"ஸ்கூலு எப்பவோ போயிருச்சுங்க. நாம ரெண்டு பேரும் தெனமும் காலையில வந்து அதுக்குக் காவல் உக்காந்துட்டிருக்கறோம்."

பதினோரு நாள் பதிவு. மெல்லிய வலைத்தொப்பி ஒன்றை மாட்டிக்கொண்டு, மேலே சேலைத் தலைப்பைப் போட்டுக்கொண்டு, அவள் வழக்கம்போல வண்டி ஓட்ட வேண்டும். யோசித்து ஓட்டக் கூடாது, பழக்கத்தில் ஓட்ட வேண்டும். காலையில் வீட்டிலிருந்து கிளம்புவதிலிருந்து மாலையில் வண்டியை உள்ளே விடுகிறவரை தொப்பி தலையிலேயே இருக்கும். பக்கத்து இருக்கையில் ஒரு தொழில்நுட்பப் பெண் படிவத்தோடு உட்கார்ந்திருப்பாள், சந்தையடியில் இறங்கிக்கொள்வாள். படிவத்தில் இரண்டு கட்டங்கள். ஒன்றில் ஒலி, இன்னொன்றில் பொருள்.

லாரியை முந்தும்போது அடிக்கிற குட்டை ஹாரன், நான் வருகிறேன். முந்தி முடித்ததும் அடிக்கிற அதே குட்டை ஹாரன், நன்றி. வளைவில் நீளமாக ஒன்று. ஆடுகளுக்கு விட்டுவிட்டு மூன்று, மாட்டுக்கு அடிக்கவே கூடாது. பள்ளிக்கூட வாசலில் ஒன்று, கோபமில்லாமல். தெரிந்தவர் எதிரே வந்தால் அரை ஹாரன். பச்சை விழுவதற்கு முன்பே பின்னாலிருந்து அடிக்கிறவனுக்குப் பதிலாக எதுவும் அடிக்காமல் இருப்பது. கடைசியானதை எந்தக் கட்டத்தில் எழுதுவது என்று அந்தப் பெண் வெகுநேரம் குழம்பினாள். நாற்பத்தொரு வகை தேறின.

தென்னிந்தியப் பதிப்பு கடைக்கு வந்தது. வளைவுகளில் மறுபடியும் பேச்சு கேட்டது. விபத்துகள் குறைந்தன, சந்தேகமில்லாமல் குறைந்தன. பள்ளிகளும் குறைந்தன, அதிலும் சந்தேகமில்லை. வருஷம் முடிவதற்குள் மாவட்டத்தில் ஒரு பயிற்சிப் பள்ளிகூட இல்லை. கண்டனக் கூட்டத்தில் அருணகிரி அவளைத் துரோகி என்றார், கைகளை விரித்து. கேட்க முன்போலக் கூட்டம் வரவில்லை. பாதிப் பேர் தேன் எடுக்கப் போயிருந்தார்கள். அருணகிரி அப்புறம் மருந்துக்கடை வைத்தார். வில்லை நன்றாகப் போகிறது என்று கேள்வி.

கோகிலவாணி பலகையை இறக்கி வீட்டுக் கொல்லையில் சாய்த்து வைத்தாள். பயிற்றுநர் காலடியிலும் ஒரு கிளட்ச் வைத்த பயிற்சிக் கார் வாசலில் நின்றது. நோர்லின் கொடுத்ததும் ஒரு சின்னக் கட்டடத்தின் வாடகையுமாகச் சாப்பாட்டுக்குக் குறை இல்லை. காலையில் எழுந்ததும் போக ஓர் இடம் இல்லை, அதுதான்.

சின்னராசுக்கு அந்த வசதியும் இல்லை. பள்ளிக்கூட வேன், பால் வண்டி, ஆஸ்பத்திரி வண்டி என்று ஏறி இறங்கினார். எல்லா இடத்திலும் ஒரே பதில். வில்லைச் சான்றிதழ் இருந்தால்தான் இன்ஷூரன்ஸ்காரர்கள் ஒத்துக்கொள்கிறார்கள். முப்பத்தைந்து வருஷமாக ஓட்டுகிறேன், இந்த ஊரில் ஓட்டுகிற பாதிப் பேருக்கு நான்தான் சொல்லித்தந்தேன் என்றால், அதெல்லாம் சரிங்கய்யா, சான்றிதழ் இருக்கிறதா என்றார்கள். கடைசியில் அவரும் விழுங்கினார். மருந்துக்கடையில் அருணகிரியே எடுத்துக் கொடுத்தார். நாலு நாள் காய்ச்சல், இரும்பு ருசி. ஐந்தாம் நாள் ஒரு பள்ளிக்கூடத்தில் வேன் கொடுத்தார்கள்.

அடுத்த நாள் சாயங்காலம் நாலரை மணி இருக்கும். கோகிலவாணி சமையலறையில் அவரைக்காய்க்கு நார் உரித்துக்கொண்டிருந்தாள். சந்து முனையில் ஹாரன் கேட்டது.

நீளமாக ஒன்று. குட்டையாக இரண்டு.

கத்தி கீழே விழுந்தது அவளுக்குத் தெரியாது. வராந்தாவைத் தாண்டி, செருப்புப் போடாமல் ஓடி, தாழ்ப்பாளைத் தூக்கிக் கேட்டை இரண்டு பக்கமும் தள்ளித் திறந்தாள். "வந்துட்டே இருக்கேன், அதுக்குள்ள என்ன..." என்று வாய்வரைக்கும் வந்துவிட்டது.

கேட்டுக்கு வெளியே மஞ்சள் வேன் நின்றது. பிள்ளைகளை எல்லாம் இறக்கிவிட்ட காலி வேன். ஓட்டுநர் இருக்கையில் சின்னராசு. அவர் முகம் வெளிறிப் போயிருந்தது. ஹாரனிலிருந்து எடுத்த கையை மறு கையால் இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தார். பூபதியோடு பதினெட்டு வருஷம் வேலை பார்த்தவர் அவர். பாதி நாள் அதே காரில் பக்கத்தில் உட்கார்ந்து இந்தச் சந்துக்குள் வந்தவர்.

"வேன் கெடச்சுதுன்னு உங்ககிட்டக் காமிக்கலாம்னு வந்தனுங்க" என்றார். "முனையில திரும்புனன். என்ற கை அடிச்சுதுங்க அம்மணி. நான் அடிக்கல."

அவர் வேனிலிருந்து இறங்கினார்.

"நேத்தும் மத்த சந்துகள்ல இதே மாதிரி வந்துச்சு. எங்கியோ கேட்டதாட்டம் இருக்குதேன்னு நெனச்சன். இங்க வந்து திரும்பினப்பத்தான்..."

கோகிலவாணி கேட்டைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஆறு வருஷமாகச் சந்து முனையில் திரும்பும்போதெல்லாம் தான் அதை அடித்துவந்திருக்கிறோம் என்பது அவளுக்கு அந்த நிமிஷம்வரை தெரியாது. அடித்துவிட்டு, யாரும் திறக்காததால் இறங்கிப்போய்த் தானே திறந்திருக்கிறாள். பதினோரு நாளும் அடித்திருக்கிறாள். தொழில்நுட்பப் பெண் சந்தையடியில் இறங்கிய பிறகு. தொப்பி இறங்கவில்லை.

அன்றைக்கு சின்னராசுக்குக் காப்பி போட்டுக் கொடுத்தாள். சுகந்தி மறுபடி வண்டி எடுத்துவிட்டதையும், வேனில் ஒரு பெண் குழந்தை இரண்டு நாளும் வாந்தி எடுத்ததையும் பேசினார்கள்.

அதன் பிறகு அவளுக்கு எல்லா இடத்திலும் கேட்டது. முன்பும் கேட்டிருக்க வேண்டும், காது கொடுக்கவில்லை. சந்தைக்குப் போனால் முட்டை வண்டி ஒரு சந்துக்குள் திரும்பும்போது அடிக்கும். ஈரோடு பஸ்ஸில் உட்கார்ந்திருந்தால் ஏதோ ஓர் ஊரின் ஏதோ ஒரு முனையில், முகம் தெரியாத ஒரு பெண் காரில் திரும்பிக்கொண்டே அடிப்பாள். இறங்கிக் கேட்டைத் திறக்கச் சோம்பல்பட்ட ஒரு மனிதர் மாநிலம் முழுக்க வீடு திரும்பிக்கொண்டிருந்தார்.

ஒரு மாதம் கழித்துக் கார்முகில் போன் செய்தான். குசலம் விசாரித்தான். பிறகு விஷயத்துக்கு வந்தான்.

"அடுத்த பதிப்பு வருது மேடம். ஒரு சின்னப் பிழை கண்டுபிடிச்சிருக்காங்க. குறுகலான இடத்துல இடது பக்கம் திரும்பினா எல்லாரும் ஒரு ஹாரன் அடிக்கறாங்க. நீளமா ஒண்ணு, குட்டையா ரெண்டு. நம்ம பட்டியல்ல இருக்கற நாற்பத்தொண்ணுல அது இல்ல. எடுத்துடலாம்னு ஆய்வகத்துல சொல்றாங்க."

"எடுக்கறதுக்கு என்னை எதுக்குக் கேக்கறீங்க?"

"எடுத்தா உள்நாட்டு அறிவு ஒன்பதே முக்கால் சதவீதமா குறைஞ்சுடும் மேடம். சட்டத்துக்கு ஆகாது. கொடுத்தவங்க, அது அறிவே இல்ல, வெறும் பழக்கம்னு எழுதிக் கொடுத்தா எடுக்கலாம்."

கோகிலவாணி ஜன்னல் வழியாகக் கேட்டைப் பார்த்தாள். இப்படிக்கூட ஒரு மனுஷனை இரண்டாம் தடவை எடுத்துக்கொண்டு போவார்களா? இந்தத் தடவை கையெழுத்து வேறு கேட்கிறார்கள்.

"எடுக்க வேண்டாம். அது அறிவுதான்" என்றாள்.

"அப்ப பொருள் என்னன்னு கட்டத்துல எழுதணும் மேடம்."

"வந்துட்டேன்னு எழுதிக்குங்க."

மறுமுனையில் தட்டச்சு சத்தம் கேட்டது. நின்றது. "யாருக்குச் சொல்றது மேடம்?"

"வீட்ல யாரு இருக்காங்களோ அவங்களுக்கு."

அவன் எழுதிக்கொண்டான். போனை வைப்பதற்கு முன், உங்களுக்குச் சந்தோஷமான செய்தி ஒன்று என்று சொன்னான். ஹாரன் இல்லாமல் காலந்தள்ள முடியாத தேசங்கள் இன்னும் நிறைய இருக்கின்றனவாம். தென்னிந்தியப் பதிப்பை அங்கெல்லாம் கேட்கிறார்களாம். பதினோரு நாடுகளுக்குப் போகிறது. டெல்லி அதிகாரி இப்போது தன் உரையில் இதைத்தான் சொல்கிறாராம். கதவைத் திறந்தால் உள்ளே வருவது மட்டுமில்லை, வெளியே போவதும் உண்டு என்று. எங்கே நிறுத்தித் தண்ணீர் குடித்திருப்பார் என்று கோகிலவாணிக்குத் தெரியும்.

அன்று சாயங்காலம் சந்து முனையில் ஏழு தடவை கேட்டது. மூன்றாம் வீட்டுக்காரர், கேஸ் வண்டி, டியூஷனுக்குப் பிள்ளையை விட வந்தவள், யார் யாரோ. ஏழு தடவையும் அது அவர் இல்லை என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். ஏழு தடவையும் எழுந்துபோய்த் திறந்தாள். இருட்டிய பிறகு எட்டாம் தடவை கேட்டபோது முட்டி வலித்தது. கேட்டைத் திறந்தபடியே விட்டுவிட்டு உள்ளே வந்து படுத்தாள்.

விடிந்து எழுந்து பார்த்தால், எதிர்வீட்டு எருமைக் கன்று உள்ளே நுழைந்து செம்பருத்திச் செடியைக் குச்சி மட்டும் விட்டுவைத்திருந்தது. கொல்லைப் பக்கம் போய்ப் பூபதியின் பெயர்ப்பலகையை முகர்ந்து பார்த்துக்கொண்டிருந்தது. அருணகிரி பார்த்திருந்தால் அந்த இடத்தில் ஒரு கூட்டமே போட்டிருப்பார். கோகிலவாணி விளக்குமாற்றை எடுத்துக் கன்றைச் சந்துவரைக்கும் விரட்டினாள். திரும்பி வந்து, இரண்டு கதவுகளையும் இழுத்துச் சேர்த்து, தாழ்ப்பாளில் கை வைத்தாள்.

முனையில் பால் வண்டி திரும்பியது. நீளமாக ஒன்று, குட்டையாக இரண்டு.

அவள் தாழ்ப்பாளிலிருந்து கையை எடுத்தாள்.